நான்காம் இலக்கப் பெட்டி

“ஓம் எண்டு மட்டும் பதில் சொல்லிப்போடாதேங்கோ. எத்தினை தரம் கூப்பிட்டாலும்.”

“ஆர் கூப்பிடுறது?”

“மெதுவாக் கதையுங்கோ, பஸ்மியா,” என்றான் யதுர்சன். “சத்தம் போட வேண்டாம் எண்டு லாபிர் நானா இப்பதானே சொன்னவர்.”

இரவு ஒன்பது நாற்பது. சம்பூரில் இருந்து மூதூருக்குப் போகும் வீதி. வான் விளக்கு இல்லாமல், எஞ்சின் இல்லாமல், கண்ணாடிகள் எல்லாம் ஏற்றப்பட்டு இருட்டுக்குள் நின்றது. முன்னால் ஐம்பது மீற்றர் தூரத்தில் வீதியை மறித்தபடி யானைகள். எத்தனை என்று தெரியவில்லை. கிளை முறியும் சத்தம் மட்டும் கேட்டது... பிறகு மெல்லும் சத்தம். பிழிந்த பச்சை இலையின் வாசமும் சாணி வாசமும் கண்ணாடி இடுக்கால் உள்ளே வந்தன. வலது பக்கம், பற்றைகளுக்கு மேலே, குடாவுக்கு அப்பால் துறைமுகத்தின் விளக்குகள் வரிசையாகத் தெரிந்தன. அவ்வளவு கிட்ட. ஆனால் நடுவில் தண்ணீர்.

வானுக்குள் நான்கு பேர். சாரதி லாபிர். பின்னால் யதுர்சன், அர்ஷாக், பஸ்மியா. மூவருக்கும் திருகோணமலை நகரில் ஒரே அச்சகத்தில் வேலை. கூட வேலை செய்யும் இராகுலன் சம்பூரில் புது வீடு கட்டிக் குடிபுகுந்திருந்தான். பால் காய்ச்சியதற்குப் போய், சாப்பிட்டு, கதைத்து, நேரம் போனது தெரியாமல் புறப்பட்டிருந்தார்கள்.

“அந்த அம்மாவும் கூப்பிடுறதைப் பத்தித்தான் சொன்னவ,” என்றாள் பஸ்மியா. “இராகுலன்ட வீட்டு வாசல்ல கதிரை போட்டு இருந்தாவே, அவ. செருப்புப் போடக்குள்ள என்ட கையைப் பிடிச்சுக்கொண்டு, வழியில ஆரும் கூப்பிட்டா, கோயிலுக்குப் பிறகு மூண்டாவது வீடு எண்டு சொல்லிவிடுங்கோ பிள்ளை எண்டாவே. ஏன் அப்பிடிச் சொன்னவ?”

“என்னட்டையும் சொன்னவ,” என்றான் அர்ஷாக். “நான் கலியாணத் தரகருக்குச் சொல்லச் சொல்றா எண்டு நினைச்சிட்டன்.”

யாரும் சிரிக்கவில்லை. யதுர்சன் சொல்லத் தொடங்கினான். இராகுலன் அவனுக்குச் சொன்னது. அந்த அம்மா இராகுலனின் பெரியம்மா. பெயர் கமலாதேவி.

இரண்டாயிரத்து ஆறு, சித்திரை மாதம். பின்னேரம். முதலாவது செல் வயலுக்குள் விழுந்து வெடித்தது. இரண்டாவது எங்கே என்று பார்க்க யாரும் நிற்கவில்லை. கமலாதேவியின் மகன் நிரோசனுக்கு அப்போது பதினொரு வயது. மாட்டை அவிழ்த்துவிடப் போயிருந்தான். பக்கத்து வளவுக்காரரின் உழவு இயந்திரப் பெட்டியில் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அதில் அவனும் ஏறிவிட்டான் என்று யாரோ சொன்னார்கள். யார் என்று இன்றைக்கும் தெரியாது.

கமலாதேவி வீட்டைப் பூட்டினா. பிறகு வேலிப் படலைக்குச் சங்கிலி போட்டு ஆமைப்பூட்டும் போட்டா. ஊரில் எல்லாரும் அப்படித்தான் செய்தார்கள். மூன்று நாளில் திரும்பி வரலாம். அதற்குள் ஆடு மாடு உள்ளே வந்து கத்தரிக் கன்றுகளைத் தின்றுவிடக் கூடாது... அவ்வளவுதான் யோசனை. சாவியைத் தாலிக்கொடியில் கொழுவிக்கொண்டு ஓடினா.

மூதூரில் உழவு இயந்திரத்தைக் கண்டா. நிரோசன் அதில் இல்லை. உங்களோடு வாறான் என்றல்லவா நினைத்தோம் என்றார்கள்.

திரும்பிப் போக விடவில்லை. அன்றைக்கு இல்லை, அடுத்த நாள் இல்லை. பத்து வருடம் முகாம்களில் கழிந்தது. மீண்டும் ஊருக்கு வந்தபோது அவர்களுடைய பழைய வளவு காடாகிவிட்டது. கோயிலுக்குப் பக்கத்தில் வேறு காணியில், வரிசையாகக் கட்டிய வீடுகளில் ஒன்று கிடைத்தது. மூன்றாவது வீடு. சாவி தாலிக்கொடியிலேயே இருந்தது.

“இதில பேய் எங்க?” என்றான் அர்ஷாக். குரலில் பழைய பகிடி இல்லை.

“பொறு.”

கமலாதேவியின் கணவர் அருளம்பலத்துக்கு நான்கு வருடத்துக்கு முன் ஒரு வேலை கிடைத்தது. யானை வருவதை முன்கூட்டியே அறிவிக்கும் திட்டம். காட்டுக்குள் இருந்து வீதி வரைக்கும், பிறகு வீதியோரமாகவும், மரங்களில் ஏழு பெட்டிகள் கட்டினார்கள். பச்சை நிறம். செங்கல் அளவு. மேலே உள்ளங்கை அகலத்தில் ஒரு சூரியத் தகடு. பெட்டி இரவு பகலாகக் கேட்டுக்கொண்டே இருக்கும். சத்தத்தைப் பிரித்தறிய அதைப் பழக்கியிருந்தார்கள். யானை என்றால் ‘யானை’ என்று தொலைபேசிக்குச் செய்தி வரும். ஆள் சத்தம் என்றால் ‘மனிதர்’. பெட்டியின் இலக்கமும் வரும். பதிவான சத்தத்தையும் போனிலேயே போட்டுக் கேட்கலாம்.

“எனக்கும் அதுதான் வாறது,” என்று முன்னால் இருந்து லாபிர் மெல்லச் சொன்னார். “இந்த ரோட்டில ஓடுற எல்லா டிரைவருக்கும் போட்டுத் தந்தாங்க. இப்ப நிப்பாட்டினதும் அதைப் பாத்துத்தான். நாலாம் பெட்டி. யானை.”

“நாலாம் பெட்டி எங்க இருக்கு?” என்றாள் பஸ்மியா.

லாபிர் கையை உயர்த்தி இடது பக்கம் காட்டினார். வீதியோரப் பாலை மரத்தில், ஆள் உயரத்துக்கு மேலே, ஒரு சின்னப் பச்சை வெளிச்சம். ஊசி முனையளவு.

யதுர்சன் அந்தப் பக்கம் பார்க்காமலே தொடர்ந்தான்.

முதல் மாதமே ஏழாம் பெட்டியில் இருந்து செய்தி வந்தது. விடியற்காலை நாலு பத்து. மனிதர். அடுத்த நாளும் அதே நேரம். மனிதர். ஏழாம் பெட்டி கட்டியிருந்தது அருளம்பலத்தின் பழைய வளவுப் பக்கம். அங்கே யாரும் இல்லை. மரம் வெட்டுகிறவர்களாக இருக்கும் என்று நினைத்து அவர் பதிவைப் போட்டுக் கேட்டார்.

பூச்சிச் சத்தம். பிறகு மாட்டு மணி... இரண்டு தரம். பிறகு தூரத்தில் இருந்து மெல்லியதாகத் தொடங்கி, கீழே கீழே இறங்கி வரும் ஒரு விசில். அந்த விசிலை அருளம்பலத்துக்குத் தெரியும். செல் விழுந்த அந்த ஊரில் எல்லாருக்கும் தெரியும். பிறகு ஒரு பிள்ளையின் குரல்.

அம்மா... படலையைத் திறங்கோ.

திட்டத்தை நடத்தியது கண்டியில் இருந்து வந்த ஓர் இளம்பெண். நல்ல பிள்ளை. தமிழ் தட்டுத் தடுமாறிக் கதைப்பாள். அவள் அதைக் கேட்டுவிட்டுச் சிரித்தாள். இது கரிக்குருவி ஐயா, வாலில் இரண்டு துடுப்பு மாதிரி இறகு தொங்குமே, அந்தச் சாதி, என்றாள். கேட்ட சத்தத்தை அப்படியே திருப்பிச் சொல்லும். தாய்க் குருவியிடம் குஞ்சு பழகும். அதனிடம் அதன் குஞ்சு. அந்தக் காலத்தில் யாரோ பேசியதை இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறது. விடியப்புறத்தில்தான் பாடும், இரவில் பாடாது. கேட்ட சொல்லை விட்டு ஒரு சொல் மாற்றிச் சொல்லவும் அதற்குத் தெரியாது.

“பாத்தியா,” என்றான் அர்ஷாக். “குருவி.”

“ஓம். குருவிதான்,” என்றான் யதுர்சன். வெளியே ஒரு கிளை முறிந்தது. “ஆனா அருளம்பலம் ஐயா ஒரு கேள்வி கேட்டவராம். ஒரு தரம் கேட்டா அது பழகுமோ, மிஸ் எண்டு.”

பழகாது, என்றாளாம் அந்தப் பெண். மகிழ்ச்சியாக, பாடம் சொல்வது போல. ஒரே சத்தத்தைத் திரும்பத் திரும்பக் கேட்க வேண்டும். நாள் முழுக்க. குறைந்தது ஐந்தாறு நாளாவது.

பஸ்மியா கால்களை இருக்கைக்கு மேலே இழுத்துக்கொண்டாள்.

அருளம்பலம் அதை மனைவிக்குச் சொல்லவில்லை. சொல்ல ஏலாது. இத்தனை வருடமாக அவ நம்பிக்கொண்டிருந்தது, செல் விழுந்த அந்த நிமிடமே எல்லாம் முடிந்திருக்கும் என்று. அந்த நம்பிக்கையில்தான் அவ சாப்பிட்டா, தூங்கினா. பிள்ளை திரும்பி வந்தது, தான் போட்ட பூட்டுக்கு முன்னால் இருந்து நாள் கணக்காகக் கூப்பிட்டது... இதை எப்படிச் சொல்வது?

மூன்று வருடம் மறைத்தார். இதற்கிடையில் திட்டத்துக்கு வந்த காசு நின்றது. அந்தப் பெண் வெளிநாடு போனாள். அலுவலகம் பூட்டப்பட்டது. பெட்டிகளை யாரும் கழற்றவில்லை. வெயில் இருக்கும் மட்டும் அவை கேட்டுக்கொண்டிருக்கும், செய்தியும் அனுப்பிக்கொண்டிருக்கும். சொன்ன ஆட்கள் போய்விட்டார்கள். கேட்க வைத்த ஆட்களும் போய்விட்டார்கள். சொல்வதற்குக் குருவி இருந்தது. கேட்பதற்குப் பெட்டி இருந்தது.

இந்த வருடம் தை மாதம் ஒரு காலை. அருளம்பலம் குளித்துக்கொண்டிருந்தார். போன் குசினி மேசையில். செய்தி வந்ததைக் கண்டு கமலாதேவி அதை எடுத்து அமத்தினா. குரலைக் கேட்டா. ஒரு தரம்தான். அடுத்த கணம் போனை வாய்க்குக் கிட்டப் பிடித்து, “ஓம் மகன்... அம்மா வாறன்” என்றா.

அன்றைக்கே இருவரும் காட்டுக்குள் போனார்கள். வீடு இல்லை. கிணறு இல்லை. படலைக் கட்டை ஒன்றை மட்டும் ஓர் ஆலமரம் தன் அடிமரத்துக்குள் விழுங்கி வைத்திருந்தது. சங்கிலி மரத்துக்குள் போய், மறுபக்கத்தால் வந்து, அதன் நுனியில் பூட்டுத் தொங்கியது. கமலாதேவி சாவியைப் போட்டுத் திருப்பினா. இருபது வருட மழையும் உப்புக் காற்றும் பட்ட பூட்டு. நேற்று எண்ணெய் விட்டது போல... டிக் என்று திறந்தது.

வேறொன்றும் நடக்கவில்லை. வீட்டுக்கு வந்தார்கள்.

அதற்குப் பிறகு ஏழாம் பெட்டி ‘மனிதர்’ என்று சொல்லவே இல்லை.

மாசியில் ஆறாம் பெட்டி சொன்னது. விடியற்காலை அல்ல. இரவு எட்டரை மணி. பங்குனியில் ஐந்தாம் பெட்டி. இரவு ஒன்பது.

“வீதிக்கு வருது,” என்று பஸ்மியா முணுமுணுத்தாள்.

“வீட்டைத் தேடுறான். அந்தப் புது வீடு அவனுக்குத் தெரியாதுதானே. அந்த அம்மா அங்க இரவில கதவே பூட்டுறதில்லை. வாசல்லதான் இருப்பா. ஆனா அவன் திறந்த கதவுக்குப் போறதில்லையாம். பூட்டின கதவுதான் அவனுக்கு அடையாளம்.”

சந்தியில் கடை வைத்திருந்த கலீலுர் றஹ்மானுக்குப் போன மாதம் கேட்டது. கடையை உள்ளால் பூட்டிவிட்டுப் படுத்திருந்தார். தகரக் கதவின் கீழ்ப் பக்கத்தில் நகத்தால் சுரண்டும் சத்தம். ஆரது, என்றார். ஓம், நில்லு வாறன், என்றும் சொல்லிவிட்டார். திறந்தார். வீதி வெறுமையாக இருந்தது. அன்று முதல் அவர் எங்கே போய்ப் படுத்தாலும் அந்தச் சுரண்டல் வந்தது. கடையை விட்டுவிட்டார். இப்போது கிண்ணியாவில் தங்கச்சி வீட்டில் இருக்கிறார். முன் கதவையும் பின் கதவையும் திறந்து வைத்துத்தான் தூங்குகிறார்.

“அவருக்கு என்ன கேட்டதாம்?” என்றான் அர்ஷாக். “சொல்லு. என்ன சொல்லிக் கூப்பிட்டதாம்?”

“அதேதான். படலையைத் திறங்கோ.”

“கடைக்கு ஏதுடா படலை?” அர்ஷாக் மூச்சை விட்டான். “அப்ப குருவிதான். படிச்சதை ஒப்பிக்குது. மனிசன் பயத்தில மிச்சத்தைக் கட்டிட்டார்.”

“அப்பிடியும் இருக்கலாம்,” என்றான் யதுர்சன்.

“குருவியோ, என்னவோ,” என்றாள் பஸ்மியா. “ஒரு சின்னப் பிள்ளை வீட்டைத் தெரியாம நிக்குதெண்டா, கோயிலுக்குப் பிறகு மூண்டாவது வீடு எண்டு சொல்லிவிட்டா என்ன குறைஞ்சு போகும்? தாய் அவ்வளவு மன்றாடிக் கேட்டாவே.”

“சொன்னா உங்களோடதான் வரும்.”

“புள்ளைகள்,” என்றார் லாபிர். “வாய மூடிட்டு இரிங்க கொஞ்சம்.”

அவர் சொன்ன பிறகுதான் கவனித்தார்கள். மெல்லும் சத்தம் நின்றிருந்தது. யானைகள் போகவில்லை. இருட்டை விடக் கறுப்பாக அவை இன்னும் அங்கேதான் நின்றன. ஆனால் அசையாமல். எல்லாம் ஒரே பக்கம் திரும்பி. வானின் பக்கம்.

லாபிரின் சட்டைப் பையில் போன் அதிர்ந்தது. எடுத்துப் பார்த்தார். வெளிச்சம் அவருடைய தாடியில் பட்டது. போனைப் பின்னால் நீட்டினார்.

பெட்டி நான்கு. மனிதர்.

வெளியே மாட்டு மணி. இரண்டு தரம்.

பிறகு எங்கோ மேலே மெல்லியதாக ஒரு விசில்... கீழே கீழே இறங்கி... நின்றது.

“குருவி,” என்றான் அர்ஷாக். உதடு மட்டும் அசைந்தது. “பாருங்க... இப்ப படலை எண்டு சொல்லும். குருவிதான்.”

பஸ்மியா இருந்த பக்கம், வானின் இழுவைக் கதவு. அதன் கீழ்ப் பக்கத்தில், ஒரு பிள்ளையின் கை எட்டும் உயரத்தில், தகரத்தை நகம் சுரண்டியது.

பஸ்மியா வாயைத் திறந்தாள். யதுர்சன் அவளுடைய மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தான்.

“அம்மா...”

குரல் மிகவும் களைத்திருந்தது.

“அம்மா... வான் கதவைத் திறங்கோ.”