ஏழாவது சீட்டு

அவைத்தலைவர் பெரியவர் முருகையன் அவர்களே, ஏரிப் பாசனத்து உழவர் பெருமக்களே, மகளுக்காகக் கோட்டக்குப்பத்திலிருந்து திண்டிவனம் வந்திருக்கும் ஷரீபா பீவி அம்மையார் உள்ளிட்ட தாய்மார்களே, கடைசி வரிசையில் குறிப்பேட்டோடு அமர்ந்திருக்கும் காவல்துறை நண்பரே, கைகளைக் கூப்பி வணங்குகிறேன்.

யாரது, ‘சத்தமா பேசு பெருசு, மைக்கு தூங்கிக்கினு இருக்குது’ என்பது? தூங்குவது மைக் அல்ல, ஐயா, என் தொண்டை.

துண்டுச்சீட்டுக் கவிதைப் பள்ளி என்றால் என்ன? மரபை மறுத்த சிற்றிதழ்களில் மயங்கிய ஏழு பேர், மாதம் ஒருமுறை கூட்டேரிப்பட்டுத் தேநீர்க்கடையில் கூடுவோம். ஆளுக்கொரு சீட்டு, சீட்டுக்கொரு வரி. சொம்பிலிட்டுக் குலுக்கி, வந்த வரிசையில் ஒட்டினால் கவிதை. பெயர் கிடையாது, பட்டம் கிடையாது, பரிசு கிடையாது. படியெடுத்ததும் சீட்டுகளை அடுப்பிலிட வேண்டும். யார் வரி என்று எவரும் சொல்லக்கூடாது. பெயருக்கு மாலையிடும் நாட்டில் பெயரையே எரித்தோம்!

ஒட்டிய கவிதைகளைச் சிற்றிதழாக அச்சிடுவோம். சென்ற இதழில் ஒரு வரி: ‘ஏரிக்குப் பட்டா கிடைத்துவிட்டது, மீன்கள்தான் இன்னும் கையெழுத்திடவில்லை.’

சிரிக்கிறீர்கள். ஏரியை வளைத்தவர் சிரிக்கவில்லை, புகார் கொடுத்தார். இதழில் இருந்த ஒரே முகவரி, எங்கள் எழுவரில் ஒருவர், ஷரீபா அம்மையாரின் மகள், இதோ தலைகுனிந்து அமர்ந்திருக்கும் ரிஸ்வானாவுடையது. எழுதியவர் யாரென்று திங்கட்கிழமைக்குள் சொல்லாவிட்டால் வேலை இல்லை என்றுவிட்டது, அவர் பாடம் நடத்தும் பள்ளி.

பயந்துபோய் அவரிடம் ஓடினேன். ‘யாருன்னு உனக்குத் தெரியுமாம்மா?’ என்றேன்.

‘படியெடுத்தவளே நான்தான சார், கையெழுத்து தெரியாதா? சொல்ல மாட்டேன். நீங்க பேஜாராவாம வீட்டுக்குப் போங்க’ என்றார்.

போனேன். ஆம், பெரியோர்களே, போய்விட்டேன்! தபால்காரர் மணியடித்தால் அஞ்சினேன். தெருவில் வண்டி நின்றால் அஞ்சினேன். திங்கட்கிழமை நெருங்க நெருங்க அஞ்சினேன். அடுப்பிலிட்ட சீட்டுக்குச் சாட்சி ஏது என்று என்னையே தேற்றவும் முடியவில்லை. ஏன்? எரிக்கும் பொறுப்பு என்னுடையது, நான் எரிக்கவில்லை. பதிவு அலுவலகத்தில் முப்பத்தைந்து ஆண்டு எழுத்தராக இருந்தவனுக்குக் காகிதத்தை எரிக்கக் கை வருமா? ஒவ்வொன்றுக்கும் எண்ணிட்டு, உறையிலிட்டு, ஒளித்து வைத்தேன்.

இதோ, அந்த ஏரி வரி எழுதிய ஏழாவது சீட்டு. எழுத்து யாருடையது? கவிஞனுடையதா? வீரனுடையதா? இரண்டுமில்லாத என்னுடையது!

‘வேணாம் சார், உக்காருங்க’ என்கிறார் எங்கள் எழுவரில் இன்னொருவரான கலைமதி. உட்கார்ந்தே எழுபத்திரண்டு ஆண்டுகள் கழித்துவிட்டேன், அம்மா.

பொறுத்துக் கேட்ட அவைக்கு நன்றி. என் பயத்தையும் சேர்த்துச் சுமந்த ரிஸ்வானாவுக்கு, நன்றி சொல்லும் தகுதி எனக்கில்லை. காவல்துறை நண்பரே, எழுதிக்கொள்ளுங்கள்: அப்பாதுரை, கெடார். இறங்கி வந்து தரலாம்; இறங்கினால் மறுபடி வீட்டுக்கே போய்விடுவேனோ என்று அஞ்சுகிறேன். நீங்களே மேடைக்கு வந்து சீட்டை வாங்கிக்கொள்ளுங்கள்.

வணக்கம்.