நாழிப்பூச்சியின் பட்டு

நான் யாரையும் காக்க வைத்தவன் இல்லை. பத்து மணிக்கு ஸ்டேஷனுக்கு வரச் சொன்னீர்கள். ஐந்து நிமிடம் முன்னதாகவே வந்து பெஞ்சில் உட்கார்ந்தேன். நீங்கள் வந்தது பத்தேகால். பிறகு தேநீர் ஆறும்வரை பேனாவைத் தேடினீர்கள். பரவாயில்லை. நேரத்தை வாரி இறைக்கிறவர்களோடு பழகிப் பழகி எனக்கு மரத்துப்போய்விட்டது.

நாழிப்பூச்சியைப் பற்றி உங்களுக்கு ஒன்றும் தெரியாது என்று முகத்திலேயே எழுதி ஒட்டியிருக்கிறது. ஆகவே முதலிலிருந்து சொல்கிறேன். கட்டைவிரல் நீளத்தில் சாம்பல் நிறப் புழு. இருபது நாள் இலை தின்னும். பிறகு கூடு கட்ட வேண்டும். பக்கத்தில் ஒரு மனிதன் உட்கார்ந்திருந்தால்தான் கட்டும். நூல் அவன் ஆயுளிலிருந்து வருகிறது. கால் மணி உட்கார்ந்தால் ஒரு மாதம் போகும். அந்தப் பட்டைப் போர்த்துகிறவருக்கு அந்த மாதம் சேரும். கால் மணிக்கு மேல் போனால் புழு ருசி கண்டுவிடும். எவ்வளவு இழுக்கும் என்று யாரும் உட்கார்ந்து பார்த்ததில்லை.

எங்கள் பண்ணையில் புழு அறைக்குள் இருப்பவருக்கு நேரம் போவதே தெரியாது. அதனால் வெளியே ஒருவன் கடிகாரத்தோடு நின்று கதவைத் திறந்துவிட வேண்டும். பாதியில் எழுந்து வந்தால் நூல் அறுந்துபோகும் என்று தாழ்ப்பாளை வெளிப்பக்கம் வைத்திருக்கிறோம். அந்தக் கதவுக்காரன் நான். இருபத்திரண்டு வருடத்தில் ஒரு நிமிடம் பிசகியதில்லை. காசுக்கு உட்கார வருகிறவர்கள், "அண்ணே, மறந்துடாதீங்க" என்று பல்லிளிப்பார்கள். மறக்கிற ஜென்மங்கள் அவர்கள்தான்.

என் மனைவியின் தம்பி மூன்று நாள் தங்கிவிட்டுப் போக வந்தான். நாலு வருடம் ஆயிற்று. முப்பத்திரண்டு வயது. காலையில் வாசலில் நாற்காலியைப் போட்டால் இருட்டும்போதுதான் எடுப்பான். போகிற வருகிற வண்டிகளை எண்ணுவான். நான் வேலை முடிந்து வந்ததும் ஒரு கொட்டாவி விட்டு, "பொழுதே போகமாட்டேங்குது மாமா" என்று என்னிடமே முறையிடுவான்.

கேட்டால் அவள் பரிந்துகொண்டு வருவாள். "பாவங்க, அவன் யாருக்கு என்ன கெடுதல் பண்ணான்?" அவனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து காய் நறுக்குவாள். உப்புப் பெறாத விஷயத்துக்கெல்லாம் இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரிப்பார்கள். என்னோடு அவள் அப்படிச் சிரித்ததில்லை. அது வேறு விஷயம், அதை எழுத வேண்டாம்.

அன்றைக்கு உட்கார வேண்டிய ஆள் வரவில்லை. கூடு கட்டப் புழு தலையைத் தூக்கிவிட்டது. மைத்துனனைக் கூப்பிட்டேன். "உக்கார்றதுதானே மாமா, அது நமக்குக் கைவந்த கலை" என்று செருப்பை மாட்டிக்கொண்டு வந்தான். ஒன்பது மணிக்குத் தாழ்ப்பாள் போட்டேன். ஒன்பதேகாலுக்குக் கை தன்னால் தாழ்ப்பாள்வரை போயிற்று. வெளியே வந்து இவன் என்ன செய்யப்போகிறான், வண்டி எண்ணப்போகிறான் என்று தோன்றியது. கையைப் பைக்குள் விட்டுக்கொண்டேன். எனக்குக் கோபமில்லை. கெட்டுப்போகிற பண்டத்தை எடுத்துப் பத்திரப்படுத்துவதுபோலத்தான். பின்கட்டில் இலை நறுக்குகிறவர்கள் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. நான் இருக்கிற கதவை யாரும் சரிபார்ப்பதில்லை.

பன்னிரண்டு மணிக்கு அவள் எங்கள் இரண்டு பேருக்கும் சாப்பாடு கொண்டுவந்தாள்.

"தம்பி எங்கங்க?"

"உள்ளே."

"எப்போ போனான்?"

"ஒன்பது மணிக்கு."

நான் பொய் சொல்லும் பழக்கம் இல்லாதவன். அவள் கையிலிருந்த பாத்திரங்களைக் கீழே வைத்தாள். "நீங்கல்லாம் ஒரு மனுஷனா?" என்றாள். தாழ்ப்பாளை அவளே நீக்கினாள், அவளே உள்ளே போனாள். இதை நீங்கள் தெளிவாக எழுதிக்கொள்ள வேண்டும். நான் தள்ளவில்லை, இழுக்கவில்லை. கதவு திறந்தபடி கிடந்தால் நூல் அறுந்துவிடும். ஆகவே சாத்தித் தாழ்ப்பாள் போட்டேன். தொழில் பழக்கம். பிறகு என் பங்கைச் சாப்பிட்டேன். அவன் பங்கையும் சாப்பிட்டேன். எதையும் வீணாக்கப் பிடிக்காது.

நாலு மணிக்குத் திறந்தேன். அவன் நாற்காலியிலேயே இருந்தான், நெஞ்சுவரை வெள்ளைத் தாடி, மூச்சு இல்லை. அவள் அவன் தோளைப் பிடித்துத் தூக்கிக்கொண்டிருந்தாள். "ஏங்க கதவச் சாத்துனீங்க? இப்பத்தானே வந்தேன், ஒரு கை பிடிங்க" என்றாள். கதவு நிலையைப் பிடித்தபோதுதான் வெளிச்சத்தில் தன் கையைப் பார்த்தாள். எலும்பும் சுருங்கிய தோலுமாக இருந்தது. திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அப்புறம் அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். நாற்பத்திரண்டு வயதுக்காரி.

ஆமாம், இந்தச் சால்வை அந்தக் கூட்டின் பட்டில் நெய்ததுதான். ஒரு மாதமாகப் போர்த்தியிருக்கிறேன். எனக்கு ஐம்பத்தெட்டு என்றால் நம்ப மாட்டேன் என்கிறீர்கள். இதைக் கழற்றி அவள்மேல் போட்டால் மிச்சம் அவளுக்குச் சேரும் என்பதும், போடாவிட்டால் இந்த வாரத்தைத் தாண்டமாட்டாள் என்பதும் எனக்குத் தெரியும். அவளைப் பார்க்க வந்த டாக்டர் என்னிடம் கெஞ்சினார். கொடுத்தால் என்ன செய்வாள்? தம்பியை நினைத்து அழுதே அத்தனையையும் தீர்ப்பாள். இத்தனை வருடத்தை அழுவதற்கா கொடுப்பார்கள்?

இந்த ஒரு மாதத்தில் நான் என்ன செய்தேன் என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி. வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள். வீட்டுக்குள் அவள் முனகிக்கொண்டிருக்கிறாள், அங்கே இருக்க முடியவில்லை. வாசலில் அவன் நாற்காலி கிடந்தது, அதில் உட்கார்ந்திருந்தேன். நேற்று எங்கள் தெருவில் முந்நூற்றுப் பன்னிரண்டு வண்டி போயிற்று. உங்களிடம் சொல்வதற்கென்ன, பொழுதே போகமாட்டேன் என்கிறது.