குப்பியில் இருப்பது திராட்சரசம்

இரு தரப்பையும் கேட்ட பிறகே வாய் திறப்பேன் என்று இறுக்கமாக அமர்ந்து இந்த அவைக்குத் தலைமை தாங்கும் மூப்பர் லியோந்தியு அவர்களே! அப்பமும் எண்ணெயும் சுமந்து ஏழைகளின் படியேறி இளைத்துப்போன திருத்தொண்டர்களே! முன்வரிசையை எவருக்கும் விட்டுக்கொடுக்காத கைம்பெண்கள் சங்கத்துத் தாய்மார்களே! மண்ணுக்குக் கீழே நமக்கெல்லாம் வீடு வெட்டித் தரும் துரோப்பீமுவே, அவர் தோழர்களே! என்னோடு தொட்டியில் இறங்கித் துணி மிதித்துத் தோல் வெந்த சலவைத் தோழர்களே! பட்டுத் திண்டில் சாய்ந்து, பக்கத்தில் பணியாளர் நிற்க, பார்த்துக்கொண்டிருக்கும் ஐயா புரோபியானு அவர்களே! உங்கள் அனைவருக்கும் ஆண்டவரின் சமாதானம்.

நான் வித்தாலி. சலாரியா வாயிலருகே சலவைத் தொட்டி வைத்திருப்பவன். என்ன, பின்வரிசையில் மூக்கைப் பிடிக்கிறீர்களா? பிடித்துக்கொள்ளுங்கள். தெருமுனை ஜாடிகளில் ரோமாபுரி விட்டுச்செல்லும் மூத்திரத்தில்தான் ரோமாபுரியின் அங்கிகள் வெளுக்கின்றன. ஐயா புரோபியானு இன்று அணிந்திருக்கும் அந்த வெண்மை என் காலடியில் வெளுத்த வெண்மை. நாற்றம் எங்களுக்கு, வெள்ளை உங்களுக்கு. இதுவரை அதற்காக நான் கோபப்பட்டதில்லை. இன்று கோபப்படத்தான் வந்திருக்கிறேன்.

எதற்காகக் கூடியிருக்கிறோம்? நம் நிலத்தடிக் கல்லறையில், படியிறங்கியதும் இடப்பக்கம் திரும்பும் பாதையில், மாடம் மாடமாக வெட்டி நம் இறந்தோரை வைத்து மூடிய ஒரு சுவர். அந்தச் சுவரில் ஓர் இரத்தசாட்சி உறங்குகிறாளாம். அவள் அருகில் தம்மை அடக்கம் செய்ய ஒரு கூடம் வெட்ட வேண்டும் என்கிறார் ஐயா புரோபியானு. பளிங்கு பதித்த கூடம், தூண் வைத்த கூடம். அதற்காக அந்தச் சுவரில் உறங்கும் மற்றவர்களைத் தோண்டி எடுத்து எலும்புக் குவியலோடு சேர்த்துவிடலாமாம். ஆட்சேபம் உண்டா என்று மூப்பர் கேட்டார். உண்டு ஐயா! ஆயிரம் முறை உண்டு!

யார் அந்த இரத்தசாட்சி? கேளுங்கள் தாய்மார்களே. அவள் என் மனைவி பெலிக்குலா.

சிரிக்காதீர்கள். கதை பெரிதாக வளர்ந்திருக்கிறது. அவளைச் சிங்கத்தின் முன் தள்ளினார்களாம். சிங்கம் அவள் காலடியில் குனிந்ததாம். பிறகு வாளால் வெட்டினார்களாம். அவள் இரத்தத்தை ஒரு குப்பியில் பிடித்துக் கல்லறையில் பதித்தார்களாம். அந்த இரத்தம் இத்தனை ஆண்டுகளாகியும் உலரவே இல்லையாம்!

எப்படி உலரும்? நான்தானே ஊற்றுகிறேன்!

அமைதி, அமைதி. முழுவதும் கேளுங்கள். நம்மில் பளிங்கு வாங்க முடிந்தவர் எத்தனை பேர்? பெயர் எழுதினால் படிக்கத் தெரிந்தவர் எத்தனை பேர்? அதனால் நம் மக்கள் என்ன செய்தார்கள்? கல்லறையை மூடிய சாந்து ஈரமாக இருக்கும்போதே கைக்குக் கிடைத்த ஒரு பொருளை அதில் அழுத்தி வைத்தார்கள். ஒரு கிளிஞ்சல், ஒரு மணி, உடைந்த சீப்பு. இருட்டில் விரலால் தடவி "இதோ என் அம்மா" என்று அறிந்துகொண்டார்கள். என் மனைவிக்கு நான் அழுத்தியது அவள் தலைக்கு எண்ணெய் வைத்திருந்த கண்ணாடிக் குப்பி. ஆண்டுதோறும் அவள் இறந்த நாள் வரும்போதெல்லாம், நீங்கள் எல்லோரும் செய்வது போலவே, அப்பத்தோடு கீழே இறங்குகிறேன். நான் ஒரு வாய் குடிக்கிறேன், அவளுக்கு ஒரு வாய் ஊற்றுகிறேன். திராட்சரசம்! அதுவும் அவளுக்குப் பிடித்த புளித்த மலிவுச் சரக்கு!

சிங்கம் எங்கிருந்து வந்தது என்கிறீர்களா? நல்ல கேள்வி. அந்தச் சுவரில் மேய்ப்பர் ஆட்டைத் தோளில் சுமக்கும் படம் இருக்கிறது அல்லவா? அதை வரைந்தவன் மதுக்கடைச் சுவர்களில் மயில் வரைந்து பிழைத்தவன். அன்று பெலிக்குலா பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏம்பா, இது ஆடா? பிடரியெல்லாம் வச்சிருக்கே!"

"சுண்ணாம்பு காயறதுக்குள்ள வரையணும்க்கா. அவசரத்துல கம்பளி கொஞ்சம் கூடிப் போச்சு."

"பல்லும்ல கூடிப் போச்சு!"

"அழிச்சுட்டு மறுபடி வரையவா?"

"வேணாம், விடு. அது ஆடுன்னு மேய்ப்பருக்குத் தெரியும்."

அந்த அப்பாவி ஆடுதான் இன்று சிங்கமாகிவிட்டது! என்ன கொடுமை இது! அவள் இறந்த ஆண்டில் பேரரசரே நம் பக்கம் வந்தாகிவிட்டது. கிறிஸ்தவர்களுக்கு அந்த ஆண்டில் எவரும் சிங்கத்தைக் காட்டவில்லை. தலைவலிக்குக்கூட நம்மை எவரும் குற்றம் சொல்லவில்லை. அவள் காய்ச்சலில் செத்தாள், ஐயா. நம் தெருவில் பாதிப் பேர் செத்த அதே காய்ச்சலில் செத்தாள்.

போன வாரம் அவளுடைய நாள். வழக்கம்போல அப்பமும் ஜாடியுமாக இறங்கினேன். பாதை நிறைய விளக்குகள், பாதை நிறையக் கூட்டம். அவள் கல்லறைக்கு முன்னால், ஐயா புரோபியானுவின் காரியக்காரர், அதோ சுருட்டை முடியோடு நிற்கிறாரே அவர், வழியை மறித்தார்.

"செருப்பைக் கழட்டுப்பா. நீ யாரு?"

"இவ புருஷன்."

"யாரு புருஷன்?"

"உள்ள படுத்திருக்காளே, அவ."

"வாயைக் கழுவு! இரத்தசாட்சிக்குப் புருஷன் ஏது? அவங்க கன்னி!"

"கன்னியா? மூணு பிள்ளை பெத்தவய்யா!"

"யோவ், இந்தக் குடிகாரனை அந்தப் பக்கம் தள்ளுங்க. கையில ஜாடியைப் பாரு!"

தள்ளினார்கள், தாய்மார்களே! பிடித்துத் தள்ளினார்கள்! என் மனைவிக்கு நான் ஒரு வாய் ஊற்ற முடியாமல், ஒரு துண்டு அப்பத்தைப் பிட்டு வைக்க முடியாமல், வந்த படியேறித் திரும்பினேன். எந்த நீதியில் இது சேரும்? எந்தச் சுவிசேஷத்தில் இது வரும்? உயிரோடு இருந்தபோது அவள் கடந்து போனால் மூக்கைப் பொத்திய வீட்டார், செத்த பிறகு அவள் பக்கத்தில் படுக்க இடம் கேட்கிறார்கள்!

பக்கத்தில் படுத்தால் என்ன கிடைக்கும்? உயிர்த்தெழும் நாளில் எக்காளம் ஊதும்போது, ஆண்டவர் முன்வரிசை, பின்வரிசை பார்த்தா எழுப்புவார்? புனிதரின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு கூட்டத்தோடு கூட்டமாக நுழைந்துவிடலாம் என்று கணக்குப் போடுகிறீர்களா? அங்கே வாயிற்காவலனாக நிற்கப்போவது உங்கள் காரியக்காரர் அல்ல!

அது யார் குரல்? மீன்காரர் உர்சுவா? சத்தமாகக் கேளுங்கள் அண்ணே, எல்லோருக்கும் கேட்கட்டும்.

"வித்தாலி, உன் பொண்டாட்டிக்குப் பெருமை வந்தா உனக்கென்னய்யா நோகுது? கும்பிட்டுட்டுப் போறாங்க, விடேன்!"

சரியான கேள்வி. அந்தக் கேள்வியை நானும் என்னிடம் கேட்டேன் அண்ணே. அவள் பெயரைப் பளிங்கில் வெட்டித் தருவதாக எனக்குச் சொல்லி அனுப்பினார்கள். பெலிக்குலா, இரத்தசாட்சி, பொன்னெழுத்தில்! நான் ஆசைப்படவில்லை என்றா நினைக்கிறீர்கள்? ஆசைப்பட்டேன். இந்த நாற்றக்காரன் மனைவியின் முன் நகரமே மண்டியிடுவதைப் பார்க்க எனக்கு மட்டும் கசக்குமா? வாயை மூடிக்கொண்டிருந்தால் அவள் புனிதை. வாயைத் திறந்தால் சலவைக்காரி. அதைத் தெரிந்துதான் இந்த மேடையேறி வாயைத் திறந்திருக்கிறேன். ஏன் தெரியுமா?

அந்தச் சுவரில் அவள் தனியாக இல்லை. அவளுக்கு மேலே ஒரு சுமைதூக்கி இருக்கிறான். சிரியாவிலிருந்து வந்தவன். காய்ச்சலோடு நம் வாசலில் விழுந்தான். அவன் பெயர்கூட நமக்குத் தெரியாது. பெலிக்குலாதான் அவனைக் கழுவினாள், கஞ்சி ஊட்டினாள், கண்ணை மூடினாள். அவன் மடியில் இருந்த பகடைக்காயைத்தான் சாந்தில் அழுத்தினோம். பகடையா என்று முகம் சுளிக்காதீர்கள், அவனிடம் இருந்தது அவ்வளவுதான். அவளுக்குப் பக்கத்தில், படத்துக்கு நேர் கீழே, ரொட்டிக்காரர் ஜெர்மானுவின் குழந்தை செவேரா. அந்தச் சுவரில் எலும்பில் செதுக்கிய பொம்மை ஒன்று பதிந்திருக்கிறதே, அது அவளுடையது. அந்த மேய்ப்பர் படம் அவளுக்காக வரைந்தது. கூலியாக அந்த ஓவியனுக்கு ஜெர்மானு ரொட்டி சுட்டுத் தந்தார். ஜெர்மானு இங்கேதான் இருக்கிறார். அதோ, தூணுக்குப் பின்னால். தலையைக் குனியாதீர்கள் அண்ணே. குனிய வேண்டியவர்கள் வேறு.

சுமைதூக்கியிடமிருந்து குழந்தைக்கு, குழந்தையிடமிருந்து என் மனைவிக்கு என்று தொற்றியது காய்ச்சல். இனிப் பிழைக்கமாட்டோம் என்று தெரிந்ததும் அவள் என்னைக் கூப்பிட்டாள்.

"இங்க பாருங்க. என்னை அந்தப் புள்ள பக்கத்துல வைக்கச் சொல்லுங்க."

"எங்கம்மா பக்கத்துல இடம் இருக்கே?"

"உங்கம்மா பெரிய மனுஷி, பார்த்துக்குவாங்க. அது சின்னப் புள்ள. இருட்டுல தனியாக் கிடக்கப் பயப்படும்."

அதற்காகத்தான் ஐயா அவள் அங்கே இருக்கிறாள்! அந்தப் பிள்ளைக்குத் துணையாக இருக்கிறாள்! அந்தப் பிள்ளையைத் தோண்டி எலும்புக் குவியலில் எறிந்துவிட்டு, இவளை மட்டும் பளிங்குப் பெட்டியில் வைத்துக் கும்பிடுவீர்களா? யாருக்காக அவள் அங்கே போனாளோ அந்தப் பிள்ளையை விரட்டிவிட்டு, அவள் காலைப் பிடிப்பீர்களா? பக்தியா இது? பகல் கொள்ளை!

துரோப்பீமு, எழுந்து நில். எல்லோருக்கும் கேட்கும்படி சொல். நீ சாந்து பூசினாய், நான் குப்பியை அழுத்தினேன். குப்பியில் என்ன இருந்தது?

"ஒண்ணும் இல்லை மூப்பரே. காலிக் குப்பி. எண்ணெய் வாசம் மட்டும் இருந்துச்சு."

கேட்டீர்களா? கேட்டீர்களா? மூப்பர் அவர்களே, இதோ அந்த ஜாடி. அன்று தள்ளிவிட்டார்களே, அதே ஜாடி. முகர்ந்து பாருங்கள். ஒரு வாய் குடித்தும் பாருங்கள். உலராத இரத்தம் எங்கிருந்து வருகிறது என்று உங்கள் நாக்கே சொல்லும். முகத்தைச் சுளிக்கிறீர்கள். சொன்னேனே, மலிவுச் சரக்கு.

எல்லோர் முன்னாலும் என் வாயாலேயே சொல்கிறேன். என் மனைவி இரத்தசாட்சி இல்லை. அவள் சலவைக்காரி. அவள் முன் எந்தச் சிங்கமும் குனியவில்லை. வாசலில் விழுந்த ஒருவன் முன் அவள்தான் குனிந்தாள்.

ஐயா புரோபியானு ஏதோ சொல்கிறார். அமைதி! பேசட்டும், அவரும் நம் சகோதரர்தான். காரியக்காரரே, நீர் உட்காரும், அவர் வாயால் வரட்டும். என்ன ஐயா?

"வயசாயிடுச்சு வித்தாலி. ராத்திரி கண்ணை மூடுனா அந்த இருட்டு வந்து நிக்குது. யாராவது நல்லவங்க பக்கத்துல கிடந்தாத் தேவலைன்னு பட்டுச்சு. தனியாக் கிடக்கப் பயமா இருக்குப்பா."

இதை முதலிலேயே சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா, ஐயா? இதற்குத் தூண் எதற்கு? பளிங்கு எதற்கு? காரியக்காரர் எதற்கு? பயமாயிருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், எங்கள் தெருவில் எவனும் உங்களைத் தள்ளியிருக்கமாட்டான்!

அந்தச் சுவரில் கீழ்வரிசை காலியாக இருக்கிறது. குறுகிய இடம்தான். திண்டு கொள்ளாது. உங்களுக்கு மேலே ஒரு சலவைக்காரி, அவளுக்குப் பக்கத்தில் ஒரு ரொட்டிக்காரர் மகள், அவர்களுக்கும் மேலே பெயர் தெரியாத ஒரு சுமைதூக்கி. சம்மதமென்றால் வாருங்கள். துரோப்பீமு வெட்டித் தருவான். என்ன பொருளைச் சாந்தில் அழுத்துவது என்று மட்டும் யோசித்து வையுங்கள். ஆனால் அந்தச் சுவரில் ஒரு செங்கல் நகரக் கூடாது. ஒரு பொம்மை பெயரக் கூடாது. அந்த ஆட்டின் ஒரு மயிர்கூட உதிரக் கூடாது! இதற்குச் சம்மதிப்பவர்கள் கை உயர்த்துங்கள். ஜெர்மானு அண்ணே, நீங்கள் முதலில் உயர்த்துங்கள்.

பார்த்தீர்களா மூப்பரே! முன்வரிசைத் தாய்மார்கள் இரண்டு கையையும் உயர்த்துகிறார்கள். ஐயா புரோபியானு, உங்கள் கையும் மேலேதான் இருக்கிறது. பாதி உயரம்தான், பரவாயில்லை. மேலே இருக்கிறது.

இந்த நாற்றக்காரனின் கோபத்தைப் பொறுமையோடு கேட்ட மூப்பர் அவர்களுக்கும், உண்மையைச் சொன்ன துரோப்பீமுவுக்கும், கேட்க வேண்டியதைக் கேட்ட மீன்காரர் அண்ணனுக்கும், தாய்மார்களுக்கும், தோழர்களுக்கும் என் நெஞ்சார்ந்த நன்றி. எல்லோருக்கும் சமாதானம் உண்டாவதாக.

போவதற்கு முன் ஒன்று. பெலிக்குலாவுக்கு இந்த ஆண்டு ஊற்ற வேண்டிய ஒரு வாய் இன்னும் பாக்கி. எழுந்திருங்கள் ஐயா புரோபியானு, என் தோளைப் பிடித்துக்கொள்ளுங்கள், படி செங்குத்தானது. இந்தாருங்கள் ஜாடி. இன்றைக்கு நீங்களே ஊற்றுங்கள்.