கப்பல் கூலிக்கு வெமானம்

சுகிர்தம்: ...வருது வருதுன்னு காலையில இருந்து சொல்றீங்க. எது வருது? மழதான் வருது.

மரியநாயகம்: பஸ் வரும் புள்ள. வெமானக் கம்பெனி பஸ். ஹட்டன்ல, சரிபுதீன் மொதலாளி கட வாசல்ல நில்லுங்கன்னுதானே ஏஜண்டு சொன்னாரு.

சுகிர்தம்: பஸ்ஸே வர மாட்டேங்குது. இதுல வெமானம் வந்து கிழிக்கப் போகுது.

மரியநாயகம்: அது கட்டுநாயக்கா ஏர்போட்டுல ரெடியா நிக்கும்.

சுகிர்தம்: ஆமா... கதவத் தெறந்து வச்சுக்கிட்டு, ‘என்னடா, மரியநாயகத்தையும் பொஞ்சாதியையும் இன்னும் காணோமே’ன்னு டைவரு எட்டி எட்டிப் பாப்பாரு.

மரியநாயகம்: ஒனக்கு எப்பவும் எகத்தாளம். இந்தியாவுக்குப் போற தலைமன்னார் கப்பல்தான் நின்னு போச்சே. இந்தியா பாஸ்போட்டு கையில இருக்கவங்க திருச்சிக்கு என்ன, நடந்தா போறது? பாவப்பட்ட சனங்களுக்குன்னு ஒரு கம்பெனி, கப்பல் கூலிக்கே வெமானம் விடுறேங்குது...

சுகிர்தம்: கப்பல் கூலிக்கு வெமானம்! நின்னுக்கிட்டுப் போகணுமா, தொங்கிக்கிட்டுப் போகணுமா?

மரியநாயகம்: சீட்டு இருக்கு. காசக்கூட எறங்குன பெறகு குடுத்தாப் போதும்னாரு.

சுகிர்தம்: ஏறுனாத்தானே எறங்குறதுக்கு! அது சரி, சீட்டு இருந்தா எதுக்கு நம்மள தேயிலக் கொழுந்து நிறுக்கிற தராசுல தொங்க விட்டாரு?

மரியநாயகம்: எட பாக்கணும்ல. பாரம் கூடுனா மேல எழும்பாது.

சுகிர்தம்: கணக்கப்புள்ளயும் பக்கத்துலயே நின்னாரு. கைப்பழக்கம் விடுமா? என்னைய நிறுத்துட்டு, ‘ஈரக் கொழுந்து, ரெண்டு கிலோ கழிச்சுக்க’ன்னாரு. இந்த ஒடம்புல அவரு ஈரத்த எங்கங்க கண்டாரு?

மரியநாயகம்: மெதுவா சிரி. ரோட்டுல போறவங்க பாக்குறாங்க.

சுகிர்தம்: பாக்கட்டும். நேத்து லயத்து வீடு அம்புட்டும் கூடி நின்னு பயணம் சொல்லி அழுதுச்சு. மூக்கன் கங்காணி ஒரு நாளாவது உங்களப் பேரு சொல்லிக் கூப்ட்டிருக்காரா? நேத்து மாலயப் போட்டு, ‘மரியநாயகம் மாதிரி ஒரு உழைப்பாளி இந்தத் தோட்டத்துல பொறக்கல’ங்கிறாரு. செத்தாத்தான் அப்புடிச் சொல்லுவாங்கன்னு நெனச்சேன்.

மரியநாயகம்: நல்ல மனுசன்...

சுகிர்தம்: என்னைக்கில இருந்து? அம்மிக்கல்ல வேலாயிக்குக் குடுத்தாச்சு. கோழியெல்லாம் வீரம்மாவுக்கு. இந்நேரம் கொழம்புல கொதிக்கும். இனி எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுத் திரும்பிப் போறது?

மரியநாயகம்: திரும்பிப் போறதப் பத்தி யாரு பேசுனா?

சுகிர்தம்: நீங்க பேசல. ஆனா கொழும்பு ரோட்டப் பாக்காம, நம்ம தோட்டத்துப் பஸ் வர்ற பக்கமே பாத்துக்கிட்டு இருக்கீங்க.

மரியநாயகம்: கழுத்து வலி...

சரிபுதீன்: என்ன மரியநாயகம், இன்னும் வாசல்லயா குந்தியிருக்கீங்க? உள்ள வாங்க. மழ வரப்போகுது தானே.

சுகிர்தம்: பஸ்ஸுக்குப் பாக்குறோம் மொதலாளி.

சரிபுதீன்: எந்த பஸ்? அந்த வெமானக்காரன் பஸ்ஸா? மரியநாயகம்... நான் சொன்னேன் தானே? போன மாசம் கொழும்புக்கு சாமான் எடுக்கப் போனப்ப, அந்த கம்பெனிய நேருல பாத்துட்டு வந்து சொன்னேன் தானே? போர்ட் இருக்கு, மேச இருக்கு, டெலிபோன் இருக்கு. பிளேன் மட்டும் இல்ல. பறக்க அனுமதியும் கெடைக்கல்ல...

மரியநாயகம்: மொதலாளி... ரெண்டு பிளேன்டீ போடுங்களேன்...

சுகிர்தம்: போன மாசமா?

சரிபுதீன்: பேரு குடுக்க முந்தியே சொன்னேன் தங்கச்சி. உங்ககிட்ட... சொல்லல்லையா? யா அல்லா. நான் அடுப்பப் பாக்குறேன்.

சுகிர்தம்: ஏங்க.

மரியநாயகம்: ம்.

சுகிர்தம்: பறக்காதுன்னு தெரிஞ்சேவா பேரு குடுத்தீங்க?

மரியநாயகம்: பறக்காதுன்னு தெரிஞ்சதாலதான் குடுத்தேன். கலவரத்தப்ப தேயிலைக்குள்ள ஒளிஞ்சு கெடந்தோமே... அன்னைக்கு என்ன சொன்ன? ‘இனி ஒரு நாளும் இங்க இருக்க மாட்டேன், திருச்சியில சிசிலி அக்காகிட்டப் போயிருவோம்’னு அழுதியே. கப்பல் நின்னப்ப எனக்கு உள்ளுக்குள்ள சந்தோசம். ஒம்மூஞ்சியப் பாத்தா பாவமாவும் இருந்துச்சு. தோட்டத்து ஆபிஸ்ல வேற, எப்ப போறீங்க, எப்ப போறீங்கன்னு நச்சரிப்பு. வெமானத்துக்குப் பேரு குடுத்தாச்சுன்னா எல்லாரும் வாய மூடுவாங்கன்னு நெனச்சேன். இல்லாத வெமானத்துக்கு நாள் குறிப்பாங்கன்னு நான் கண்டேனா?

சுகிர்தம்: நல்ல வெமானமாத்தான் பாத்துப் புடிச்சிருக்கீங்க.

மரியநாயகம்: எனக்குப் போக மனசில்ல புள்ள. இங்க நம்மள இந்தியாக்காரன்கிறான். அங்க போனா சிலோன்காரன்னுவான். நமக்குச் சொந்த ஊரு ரெண்டுக்கும் நடுவுல, ஆகாயத்துலதான் இருக்கு போல.

சுகிர்தம்: அங்கயாவது கூட்டிட்டுப் போயிருக்கலாம்.

மரியநாயகம்: அந்தி வரைக்கும் இங்க குந்தியிருந்துட்டு, வெமானம் வரலன்னு திரும்பிரலாம்னு இருந்தேன். எல்லாத்தையும் ரோசிச்சேன், வேலையாளுங்க பேரு இருக்க செக்ரோல மறந்துட்டேன். பயணம் சொன்ன அன்னைக்கே பேர வெட்டிருவாங்களே! பேரு இல்லாட்டி வேல இல்ல. வேல இல்லாட்டி லயத்துல குடியிருக்கக் காம்பராவும் இல்ல. அம்மி போனாப் போகுது... ஒன்னைய நடுரோட்டுல நிறுத்திட்டேனே சுகிர்தம். என்னையத் திட்டு. நல்லாத் திட்டு.

சுகிர்தம்: திட்டுறதுக்கு இனி எம்புட்டோ நாளு கெடக்கு. அன்னைக்கு நான் அழுதது பயத்துல, எனக்கும் போக மனசில்ல. பாஸ்போட்டுக்கு எழுதிப் போட்டது நீங்க... நீங்கதான் போகத் துடிக்கிறீங்கன்னு நானும் வாயத் தொறக்கல. பஸ் வந்துச்சுன்னா, ஏறுற நேரம் நெஞ்சப் புடிச்சுக்கிட்டு விழுந்துரலாம்னு வந்தேன். கணக்கப்புள்ளகிட்ட முந்தாநாளே கையெடுத்துக் கும்பிட்டுச் சொல்லிட்டேன், ‘அய்யா, நாங்க மேல பறக்குறதக் கண்ணால கண்ட பெறகு எங்க பேர வெட்டுங்க’ன்னு. சரின்னு தலயாட்டுனாரு. எந்திரிங்க, தோட்டத்துப் பஸ் வருது. விடிஞ்சா பெரட்டுல பேரு குடுத்து வேலைக்குப் போகணும்.