ஏழு தண்ணி களைந்த அரிசி

– போதுங்க ஐயா, அமுக்காதீங்க. வலியெல்லாம் இல்ல. பாக்கத்தான் பயமா இருக்கு.

– பொறும், வடிவேலு. இந்தா விரலை எடுக்கிறன். இப்ப பாரும், குழி அப்பிடியே நிக்குது.

– ஈரக் களிமண்ணுல வெரல் வச்ச மாதிரில்ல இருக்கு. ரத்தினம், இங்க வந்து பாரு. ஆஸ்பத்திரி டிரெசர் ஐயா வெரல எடுத்துட்டாரு, குழி மூட மாட்டேங்குது.

– நான் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன். ஐயா, எங்க வீட்டுக்காரருக்கு மூணு வாரமா இப்படித்தான். பொழுது சாயச் சாய ரெண்டு காலும் தூண் மாதிரி ஆயிடும். காலையில எந்திரிச்சா கொஞ்சம் வத்தியிருக்கும். ஆஸ்பத்திரிக்குப் போங்கன்னா காதுல போட்டுக்கறதில்ல. ஒங்க உடுப்பத் தேடி நீங்களே இந்த டோபி காட் வண்ணாந்துறை வரைக்கும் வந்தீங்களே, அது என் நல்ல நேரம்.

– ரெண்டு கிழமையா என்ரை உடுப்பு வரேல்லை, தங்கச்சி. ஊத்தை உடுப்போடை வார்டிலை நிண்டா, அம்பிகைபாகன், வீட்டை போ எண்டு துரை சொல்லிப்போடுவார். அந்தப் பயத்திலை வந்தனான். வந்து பாத்தா வெளுக்கிற ஆளே சுவரோடை சாஞ்சு கிடக்கிறார்.

– காரணம் எனக்குத் தெரியுங்க ஐயா. பன்னண்டு வருசமா இந்தக் கால்வாய்ல முட்டியளவு தண்ணியில நின்னு துணி அடிக்கறேன். ஊறி ஊறித் தண்ணி உள்ள எறங்கிடுச்சு. அதான் ரெண்டு வாரமா எறங்காம இருக்கேன்.

– நல்லது. இறங்காமல் இருந்து வீக்கம் குறைஞ்சதோ, கூடினதோ?

– கூடித்தான் இருக்கு.

– வெளியிலை இருந்து ஏறின தண்ணி எண்டால் இவ்வளவுக்குக் காய்ஞ்சிருக்க வேணும். இது கால்வாய்த் தண்ணி இல்லை, வடிவேலு. உம்மடை ரத்தத்திலை இருந்த தண்ணி.

– ரத்தத்துல ஏதுங்க தண்ணி? காலக் கீறினா செவப்பாத்தானே வரும்?

– ரத்தத்திலை பெரும்பங்கு தண்ணிதான். சிவப்பு எண்டது அதிலை மிதந்து போற பொடி. நான் கண்ணாலை கண்டனான். எங்களுக்குப் படிப்பிச்ச துரை ஒரு தவளையைப் பிடிச்சு, அதின்ரை கால்விரலுக்கு நடுவிலை இருக்கிற சவ்வை விரிச்சுப் பூதக்கண்ணாடிக்குக் கீழை வைச்சுக் காட்டினவர்.

– தவளைக் காலுல பாக்க என்னங்க இருக்கு?

– தலைமயிரை விட மெல்லிசான குழாய்கள். அதுக்குள்ளாலை அந்தச் சிவப்புப் பொடி ஒண்டுக்குப் பின்னாலை ஒண்டா, ஒதுங்கி ஒதுங்கிப் போகுது. தவளை உயிரோடை கிடக்கு, அதின்ரை ரத்தம் என்ரை கண்ணுக்கு முன்னாலை ஓடுது. துரை அடுத்த ஆளைக் கூப்பிடுறார், நான் நகரேல்லை. எனக்குக் கண் கலங்கிப்போச்சு. ஒரு தவளைக்கு இப்பிடி அழுதவன் நான் ஒருத்தனாத்தான் இருப்பன்.

– எங்க ஒடம்புலயும் அப்படித்தான் ஓடுதா ஐயா?

– உம்மிலையும் ஓடுது, தங்கச்சியிலையும் ஓடுது, அவவின்ரை வயித்திலை இருக்கிற பிள்ளையிலையும் ஓடுது. இப்ப நாங்கள் கதைச்சுக்கொண்டு இருக்கேக்கையும் ஓடுது.

– வயித்துக்குள்ள இருக்கறதுக்குமா? ஏழு மாசந்தானே ஆகுது, கை காலே இத்தனூண்டுதானே இருக்கும்?

– அந்தக் கையிலையும் காலிலையும் ஓடுது. ஏழு மாசத்துப் பிள்ளைக்கு அதெல்லாம் எப்பவோ தொடங்கீட்டுது, தங்கச்சி.

– அம்மா தாயே. நம்மளக் கேக்காம, நமக்குத் தெரியாம உள்ள எவ்வளவு நடக்குது.

– இனித்தான் பெரிய அதிசயம். அந்தக் குழாய்ச் சுவரிலை கண்ணுக்குத் தெரியிற ஓட்டை ஒண்டும் இல்லை. எண்டாலும் நெஞ்சு தள்ளுற தள்ளுக்குத் தண்ணி சுவராலை வெளியிலை கசியும். கசிஞ்சு சதைக்குச் சாப்பாடு குடுக்கும். குடுத்து முடிய, ரத்தம் அதைத் திரும்ப உள்ளுக்கை இழுத்துக்கொள்ளும்.

– வெளிய போன தண்ணிய யாருங்க உள்ள கூப்பிடறது?

– முட்டை வெள்ளைக்கரு மாதிரி ஒரு சத்து ரத்தத்திலை கரைஞ்சிருக்கு. அது லேசிலை சுவரைத் தாண்டாது. உள்ளுக்கை இருந்துகொண்டே தண்ணியைத் தன்ரை பக்கம் இழுக்கும். தள்ளுறது ஒண்டு, இழுக்கிறது ஒண்டு. ரெண்டும் சரிக்குச் சரி நிண்டால் வீக்கம் எண்ட பேச்சே இல்லை.

– துணியப் பிழிஞ்சா தண்ணி வெளிய வரும், நூலு உள்ளயே இருக்கும். அப்படித்தானே?

– அதேதான். எனக்கு விளங்க ஒரு மாசம் எடுத்தது, நீர் ஒரு நொடியிலை பிடிச்சிட்டீர்.

– பத்து வயசுலேர்ந்து ஊரு ஒலகத்துத் துணியெல்லாம் பிழியறேன். எனக்குள்ளயே ஒருத்தன் ராப்பகலா பிழிஞ்சுக்கிட்டும் நனைச்சுக்கிட்டும் இருக்கறது தெரியாமப் போச்சே. ஐயா, மேலெல்லாம் சிலுத்துக்கிட்டு நிக்குது பாருங்க. யாரு இதெல்லாம் யோசிச்சு வச்சது?

– அதைக் கோயிலிலை கேளும், டிரெசரிட்டைக் கேளாதையும். நான் கேக்கிறதுக்கு நீர் மறுமொழி சொல்லும். படி ஏறினால் மூச்சு வாங்குதோ?

– நாலு படிக்கே வாங்குது. படுத்தா நெஞ்சு படபடன்னு அடிச்சுக்குது.

– உம்மடை நெஞ்சு களைச்சுப்போச்சு, வடிவேலு. இறைக்கேலாமல் திணறுது. கீழையிருந்து திரும்பி வாற ரத்தத்துக்குப் போக வழியில்லை, குழாயிலையே தேங்குது. தேங்கத் தேங்க உள்ளுக்கை அழுத்தம் கூடுது. இழுக்கிற சத்து எவ்வளவுக்கெண்டு ஈடு குடுக்கும்? கசிஞ்ச தண்ணி திரும்பிப் போகாமல் சதைக்கை நிக்குது. கால்தானே கீழை இருக்கு, அதாலை முதல் அங்கை. விட்டால் வயித்துக்கு ஏறும், பிறகு நெஞ்சைச் சுத்தி நிக்கும். இதுக்குப் பேர் பெரிபெரி.

– பெரிபெரியா? அது சீனவங்களுக்கு வர்றதுல்ல? ரிக்‌ஷா இழுக்கறவங்க, கூட்டமாத் தங்கற கொங்சி வீட்டுல காலு வீங்கிக் கெடப்பாங்க, பாத்திருக்கேன். நம்ம ஆளுங்க யாருக்கும் வந்து கேள்விப்பட்டதில்லையே.

– நானும் வார்டிலை தமிழ் ஆளை அந்த வருத்தத்தோடை கண்டது அருமை. அதுதான் எனக்கு யோசனை. அவையள் தின்னுறது மில்லிலை தீட்டின வெள்ளைப் பச்சரிசி, எங்கடை சனம் தின்னுறது புழுங்கல். மலாய் நாட்டுப் பக்கம் டாக்டர்மார் ரோட்டு வேலைக்காரரை ரெண்டாப் பிரிச்சு, ஒரு பகுதிக்கு வெள்ளை அரிசியும் மற்றதுக்குப் புழுங்கலும் குடுத்துப் பாத்தவையாம். வெள்ளை அரிசி திண்டவைக்குத்தான் வந்தது. தவிட்டோடை ஏதோ ஒண்டு போயிடுது. அது என்னெண்டு இன்னும் ஒருத்தருக்கும் தெரியாது. நீர் என்ன சோறு தின்னுறீர்?

– வந்துங்க...

– ஏன் ரெண்டு பேரும் முகத்தை முகத்தைப் பாக்கிறியள்?

– சொல்லுங்களேன். ஐயாகிட்டப் போயி என்ன மறைக்கறது.

– பச்சரிசிங்க ஐயா. நேத்திக்கடன். எங்களுக்கு மூணு புள்ள தங்கல. இது நாலாவது. தரிச்சது தெரிஞ்ச அன்னைக்கே சிராங்கூன் ரோட்டுக் காளியாத்தா முன்னாடி சூடத்த அணைச்சுச் சொல்லிட்டேன். புள்ள கையில வர்ற வரைக்கும் ஒருவேளைச் சோறு, உப்புப் போட்ட ரசம், வேற ஒண்ணும் தொடமாட்டேன்னு. புழுங்கல் ஒருதரம் வெந்த அரிசி, வெரதத்துக்கு ஆகாது. அதனால சயாம் பச்சரிசி, கடையில இருக்கறதுலயே வெள்ளையாப் பாத்து வாங்கறேன்.

– எவ்வளவு காலமா?

– அஞ்சு மாசமா. அதையும் சும்மா பொங்கறதில்லீங்க. ஏழு தண்ணி களைவேன், கஞ்சிய வடிச்சுக் கொட்டிடுவேன். வண்ணான் கும்புடற சாமிக்கு ஒரு பொட்டு அழுக்கு ஆகுமா?

– ஏழு தண்ணியோ. மில்லுக்காரன் விட்டு வைச்ச கொஞ்ச நஞ்சத்தையும் நீர் வெளுத்துப்போட்டீர், வடிவேலு. கேளும், இண்டைக்கே நிப்பாட்ட வேணும். புழுங்கல் அரிசி, பச்சைப் பயறு, அதுதான் மருந்து. தண்ணி வத்தும், நெஞ்சு திரும்பப் பலப்படும். வார்டிலை கண்டிருக்கிறன்.

– அது மட்டும் ஆகாதுங்க. இன்னும் ரெண்டே மாசந்தான்.

– ரெண்டு மாசத்துக்கு உம்மடை நெஞ்சு தாங்காது. காலமை என்னோடை சிரிச்சுக் கதைச்ச ஆளைப் பின்னேரம் துணி போட்டு மூடினனான். இந்த வருத்தம் சொல்லிக்கொண்டு வராது.

– ஐயா, நீங்க சொன்ன ஒரு வார்த்தையக்கூட நான் பொய்யிங்கல. ஓட்டையில்லாத சுவத்துல தண்ணியக் கசிய வச்சு, கசிஞ்சதத் திருப்பி அழைக்கறாளே, அவகிட்டத்தான் நான் வாக்குக் குடுத்திருக்கேன். அத மீறி இந்தப் புள்ளையும் போயிட்டா நான் என்ன பண்ணுவேன்? என் நெஞ்சு நின்னாலும் நிக்கட்டும். இதோட நெஞ்சு நிக்கக் கூடாது.

– பிள்ளைக்குத் தகப்பன் வேண்டாமோ?

– தாயி இருக்காள்ல. அவளுக்கு நான் ஒரு கொறையும் வைக்கல. வெரதம் எனக்குத்தான், அவளுக்கில்ல. தனி ஒலை வச்சுக்கன்னு ஒரு மூட்டை புழுங்கல் எறக்கிப் போட்டிருக்கேன். பருப்பு, கீரை, கருவாடு, எல்லாம் தனி. நான் போனாலும் அவளும் புள்ளையும் தெடமா இருப்பாங்க.

– தங்கச்சி, நீராவது இந்த மனுசனுக்குப் புத்தி சொல்லும். ஏன், ஏன் அழுகிறீர்?

– அந்தப் புழுங்கல் மூட்டை இவருக்குத் தெரியாம, கட்டுப் பிரிக்காம அப்படியே கெடக்குங்க ஐயா. பருப்பு, கருவாட்டையும் நான் தொடல. இவரு ஒருவேளைச் சோத்தோட கெடக்கறப்ப எனக்குத் தனியாப் பொங்கித் திங்க மனசு வரல. அஞ்சு மாசமா இவரு சாப்புட்டு எந்திரிச்ச எலையில, அந்தப் பச்சரிசிச் சோத்தத்தான் நானும் சாப்புடறேன்.