மூன்று தடவை கூப்பிட்டேன்

எனக்குச் சளி பிடித்தால் நீதிமன்றமே நின்றுவிடும், ஐயா. இருபத்தாறு வருடமாக வாசலில் நின்று மனுதாரர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறவன் நான். மூன்று தடவை கூப்பிட வேண்டும். ஆள் வராவிட்டால் நீதிபதி தலையைத் தூக்காமலே 'மனு தள்ளுபடி' என்று எழுதுவார். அவர் தலையைத் தூக்குவது காப்பி வரும்போதுதான்.

விதியில் மூன்று தடவை என்றிருக்கிறதே தவிர, எவ்வளவு சத்தமாக என்று இல்லை. ஒரு நாள் எனக்குத் தொண்டை கட்டிக்கொண்டபோதுதான் இது தெரிந்தது. அன்று பதினோரு மனு தள்ளுபடி. எல்லோரும் நேரத்தோடு சாப்பிடப் போனார்கள், யாரும் குறை சொல்லவில்லை. அதன் பிறகு வீண் வழக்கு என்று எனக்குப் பட்டவற்றுக்கெல்லாம் தொண்டை தானாகக் கட்டிக்கொள்ளும்.

என் மகளின் மனுவும் அப்படித்தான். கணவன் அடிக்கிறான், பாதுகாப்பு வேண்டும் என்று கேட்டிருந்தாள். எந்த வீட்டில்தான் சண்டை இல்லை? மாப்பிள்ளை என்னிடம் மரியாதையாகப் பேசுகிறவர். அவள் என் கண்ணெதிரே கூண்டேறினால், நாளைக்கு நான் எந்த முகத்தோடு அந்த வாசலில் நிற்பது?

காலையிலேயே வந்துவிட்டாள். ஒரு கண் வீங்கியிருந்தது.

"எப்பப்பா கூப்பிடுவாங்க?"

"கூப்பிடறதே நான்தானேம்மா. கேன்டீன்ல போய் ஏதாவது சாப்பிடு. இன்னும் நேரமிருக்கு."

"நீங்க இருக்கீங்கங்கிற தைரியத்துலதான் வந்தேன்" என்றாள்.

பத்தே நிமிடத்தில் அவள் மனு வந்தது. அவள் தொட்டிலில் தூங்கிய காலத்தில், விழித்துவிடாதபடி எப்படிப் பெயரைச் சொல்வேனோ, அப்படி மூன்று தடவை சொன்னேன். தள்ளுபடியானது. முப்பது நாளுக்குள் மறுபடி கேட்கலாம், சட்டம் இரக்கமுள்ளது. நானே அவளைக் கணவன் வீட்டில் கொண்டுபோய் விட்டேன். ஆறாம் நாள் அவளைக் கொன்றுவிட்டான். இரண்டு பேருமே கொஞ்சம் பொறுத்திருக்கலாம்.

ஆமாம், வேண்டுமென்றேதான் மெல்லக் கூப்பிட்டேன். எழுதிக்கொள்ளுங்கள். போனால் அவன் கை சும்மா இருக்காது என்பதும் தெரியும். அதையும் எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் விதியை மீறவில்லை.

சவக்கிடங்கில்தான் எனக்கு மனம் விட்டுப்போனது. உடலை வாங்கிக்கொள்ள அவள் பெயரைச் சொல்லி, சொந்தக்காரர் யார் என்று கூப்பிட்டார்கள். ஒரே ஒரு தடவை. அடுத்த தடவை கூப்பிடட்டும் என்று உட்கார்ந்திருந்தேன். அதற்குள் வேறு பெயருக்குப் போய்விட்டார்கள். விதி தெரியாதவர்கள், ஐயா.