பின்கால் இல்லாத கதிரை

குண்டசாலை பஸ் தென்னகும்புற பாலத்தருகே நெரிசலில் நின்றுவிட்டது. எனக்கென்ன அவசரம், காது முன் சீட்டுக்குப் போய்விட்டது. அங்கே மடியில் கேக் பெட்டியோடு இருந்த ஒரு அம்மா பக்கத்திலிருந்த தன் அண்ணியிடம் சொன்னார்:

"இன்னைக்குப் பொண்ணு பாக்க வர்றாங்க அண்ணி. நம்ம வீட்டுக் கதிரைக்குப் பின்கால் ரெண்டும் இல்ல."

"ஒடஞ்சிருச்சா?"

"வாங்கும்போதே இல்ல. இரும்பு பைப்ப வளைச்சு முன்கால் மட்டும் வச்சிருக்கு. எம் மக டிசைன் படிக்கிறாள்ல, அவதான் வாங்கியாந்தா. நூறு வருசத்துக்கு முந்தி ஜெர்மனில ஒரு ஸ்கூல்ல யோசிச்ச மாடலாம்."

"நூறு வருசமா பின்கால் வைக்க ஒருத்தருக்கும் நேரம் கெடைக்கலையா?"

"மாப்பிள்ளையோட அம்மா நல்ல ஒடம்பு. விழுந்தாங்கன்னா சம்பந்தம் போச்சு. அதான் அடியில செங்கல் அடுக்கி வச்சிட்டு வந்தேன்."

அந்த அம்மாவின் கைப்பேசி அடித்தது. பேசியது மகள்தான்.

"அதுக்குள்ள வந்துட்டாங்களா? செங்கல ஏன்டி எடுத்த? ஐயோ, அவங்க அதுலயா உக்காந்திருக்காங்க?"

பிறகு அவர் வெகுநேரம் கேட்டுக்கொண்டே இருந்தார்.

"என்னவாம்?" என்றார் அண்ணி.

"மாப்பிள்ளையோட அம்மா அதுல ஆடி ஆடி ரெண்டாவது டீயும் குடிச்சிட்டாங்களாம். பொண்ணு வரும்போது கதிரையும் கூட வரணும்னு சொல்றாங்களாம்."

பஸ் நகர்ந்தது. அண்ணி கேக் பெட்டியைத் தன் மடிக்கு வாங்கிக்கொண்டார்.